மனிசி விசாரித்த தீவு

நியூசிலாந்தில், ஒக்லாந்தின் மேற்குப் பக்கம் கிளென் ஈடனில் நாங்கள் வாடகைக்கு இருந்த வீட்டின் குசினிச் சுவரில் ஒரு பழுப்பு நிறத் தொலைபேசி மாட்டியிருந்தது. அதன் சுருள் வயரை இழுத்தால் அடுப்படிவரை வரும். தொண்ணூறுகளின் நடுப்பகுதி அது. கைத்தொலைபேசியை இடுப்பில் செருகிக்கொண்டு திரிந்தவர்களை நாங்கள் பெரிய பணக்காரர் என்று நினைத்த காலம். ஒருநாள் காலை நான் வேலைக்கு வெளிக்கிட்டுச் சப்பாத்துப் போட்டுக்கொண்டிருக்கிறேன். என் மனிசி புட்டுப் பானையின் மூடியை ஒரு கையால் திறந்து பார்த்தபடி, தொலைபேசியைத் தோளுக்கும் காதுக்கும் நடுவில் இறுக்கிக்கொண்டு, ஸ்கொட்லாந்தின் மேற்குக் கரையிலுள்ள ஒரு சின்னத் தீவின் கடைக்காரப் பெண்ணிடம் ஆங்கிலத்தில் கேட்கிறாள்: "உங்கள் பக்கம் காற்று எந்த மாதம் எழும்பும்? எழும்பினால் படகை நிற்பாட்டிவிடுவார்களா, இல்லை ஆட்களை ஏற்றிக்கொண்டு துணிந்து விடுவார்களா?"

எங்களுக்குக் காலை என்றால் அங்கே முந்தின நாள் பின்னேரம். கடையைப் பூட்டிவிட்டுக் கால் நீட்டியிருந்த யாரோ ஒரு பெண்ணை எழுப்பி இவள் காற்று விசாரிக்கிறாள்! கொழும்பிலிருந்த சொந்தத் தாய்க்கு எடுத்தால்கூட "சுகமோ, சாப்பிட்டீங்களோ, சரி வைக்கிறன்" என்று முடித்துவிடுகிற சிக்கனக்காரி அவள்.  ஐயோ கடவுளே, இவளுக்கு விசர் பிடித்துவிட்டதோ என்றுதான் முதலில் யோசித்தேன். விசரில்லை, அது விசாரணை என்பது விளங்கச் சில நாட்கள் பிடித்தன.

நான் சாவகச்சேரிப் பக்கத்தான். பலாவும் மாவும் நிற்கிற காணிக்குள் வளர்ந்தவன். கடலென்றால் தூர நின்று ஒரு கும்பிடு போட்டுவிட்டுத் திரும்பிவிடுவேன். அவள் நெடுந்தீவு. யாழ்ப்பாணத்திலிருந்து பஸ்ஸில் குறிகட்டுவான் துறைக்குப் போய், அங்கிருந்து லோஞ்சுப் படகில் குடல் வாய்க்கு வரும்வரை ஆடி ஆடிப் போய்ச் சேரவேண்டிய இடம். கலியாணம் பேசி வந்தபோது "தீவாளோ?" என்று என் பெரியம்மா மூக்கைச் சுழித்தார். பெண்வீட்டாரோ மூக்கைச் சுழிக்கவில்லை, மூக்கை நுழைத்தார்கள். என்னைப் பற்றி விசாரிக்க அவளுடைய மாமன் எங்கள் வீட்டுப் பக்கமே வரவில்லை. சந்தியில் எனக்குத் தலைமயிர் வெட்டுகிறவரிடம் போய்த் தானும் தலைமயிர் வெட்டுவித்துக்கொண்டு கதை எடுத்தாராம். "பெடியன் வீட்டிலை கேட்டால் பெடியன் தங்கம் எண்டுதான் சொல்லுவினம். மயிர் வெட்டுறவனைக் கேட்டால்தான் உண்மை வரும்" என்பது அந்த மனிதரின் கொள்கை. அங்கே நான் எப்படித் தேறினேன் என்று எனக்கு இன்றுவரை தெரியாது. அவளும் சொல்லமாட்டாள்.

ஊரில் அவள் ஆங்கில ரீச்சர். சண்டை துரத்தக் கொழும்புக்கு வந்து, அங்கிருந்து ஒக்லாந்து வந்து சேர்ந்தோம். எனக்கு ஹென்டர்சனில் குசினி அலுமாரி செய்கிற பட்டறை ஒன்றில் வேலை கிடைத்தது. அவளுக்கு ஒன்றும் அகப்படவில்லை. எங்கே போனாலும் ஒரே கேள்வி: நியூசிலாந்து அனுபவம் உண்டா? "நீந்தப் பழகினாப் பிறகுதான் தண்ணியிலை இறங்கலாம் எண்டுறாங்கள்" என்று அவள் பொரிந்து தள்ளுவாள். கடைசியில் நியூ லின்னில், பெரிய கடைத்தொகுதிக்குக் கிட்ட ஒரு சின்னப் பயண முகவர் நிலையத்தில் சேர்த்துக்கொண்டார்கள். முதலாளி வெள்ளைக்காரர், நல்ல மனிதர்தான், ஆனால் வியாபாரி. குளிர்காலம் முடியும்வரை பார்ப்போம் என்றார். அதற்குள் இவளுடைய மேசையை நம்பி ஆட்கள் வரத் தொடங்கினால் வேலை நிரந்தரம். வராவிட்டால் நன்றி, போய்வாருங்கள்.

ஆட்கள் வரவில்லை. வெள்ளிக்கிழமைகளில் எங்கள் பட்டறை வேளைக்கு மூடிவிடும் என்பதால் அவளைக் கூட்டிக்கொண்டு போக நான் அங்கே போய்ச் சோபாவில் குந்தியிருப்பேன். ஆகையால் இதை நானே கண்ணால் கண்டேன். இரண்டு மேசைகள். ஒன்றில் இந்த ஊர்ப் பெண், மற்றதில் என் மனிசி. கதவைத் திறந்துகொண்டு வருகிறவர்கள் இவளைப் பார்த்து அழகாகச் சிரிப்பார்கள். "நான் உதவலாமா?" என்று இவள் கேட்பாள். "பரவாயில்லை, நாங்கள் காத்திருக்கிறோம்" என்று சொல்லிவிட்டு வந்து எனக்குப் பக்கத்தில் இருப்பார்கள். ஒருவரும் மரியாதைக் குறைவாக நடக்கவில்லை. நடந்திருந்தால் சண்டையாவது பிடிக்கலாம். ஏற்கெனவே நேராக இருக்கிற விளம்பரப் புத்தகங்களை அவள் மறுபடியும் நேராக்குவாள். 

காரில் ஏறினால் நியூ லின் ரயில் கடவை தாண்டும்வரை ஒரு சொல் வராது. ஒருநாள் சொன்னாள்: "இஞ்சாருங்கோ, எனக்கு முன்னாலை ஒரு கதிரை இருக்கு. அது கடிக்காது. அதிலை இருக்க ஆக்களுக்கு என்ன பயம்?" கெட்டிக்காரத்தனமாக ஏதாவது சொல்லி அவளைச் சிரிக்க வைப்பது என் வழக்கம். அன்றைக்கு அதை விட்டுவிட்டு அவளுக்குப் பிடித்த பாட்டு நாடாவைப் போட்டேன்.

பிறகு ஒரு மழை நாள். மேற்கு ஒக்லாந்து மழை எப்படி என்று இங்கே இருந்தவர்களுக்குத் தெரியும்; குடையைத் தலைகீழாக்கிவிட்டுத்தான் மறுவேலை பார்க்கும். நனைந்துகொண்டு வந்த ஒரு வயதான அம்மா கையில் ஊன்றுகிற பொல்லோடு நின்றார். சோபா நிறைந்துவிட்டது, கால் நிற்கவிடவில்லை. வேறு வழியில்லாமல் என் மனிசிக்கு முன்னாலிருந்த கதிரையில் இருந்தார். "அவ கதிரைக்காகத்தான் இருந்தவ, எனக்காக இல்லை" என்று பின்னாளில் இவள் சொல்லிச் சொல்லிச் சிரிப்பாள். இருந்தவரைச் சும்மா விடுவாளா? மழையில் நனைந்த மேலங்கியை வாங்கி ஹீட்டருக்குப் பக்கத்தில் தொங்கவிட்டுவிட்டு, யாழ்ப்பாணத்து வாய் கேட்கிற முதற் கேள்வியைக் கேட்டாள். "நீங்கள் எவ்விடம்?"

"கிளென் ஈடன்" என்றார் அந்த அம்மா.

"நானும் அங்கேதான். அதற்கு முதல்? உங்களுடைய ஆட்கள் எந்த ஊர்?"

இந்த நாட்டில் எங்களைப் பார்த்துத்தான் எல்லோரும் அந்தக் கேள்வியைக் கேட்பார்கள். வெள்ளைக்கார அம்மா ஒருவரைப் பார்த்து அதைக் கேட்டதற்கு அவர் கோபித்திருக்கலாம். அவரோ பொல்லைக் கீழே வைத்துவிட்டுக் கதிரையை இன்னும் கிட்ட இழுத்தார். வாழ்நாளில் தன்னை ஒருவரும் இதைக் கேட்டதில்லை என்றார். அவருடைய தாத்தா அயோனாவில் பிறந்தவராம். ஸ்கொட்லாந்தின் மேற்கில், கையகலத் தீவு. பழைய காலத்து மடாலயமும் அரசர்களைப் புதைத்த மயானமும் உள்ள புண்ணியபூமி. அங்கே கோயில் தரிசனத்துக்குப் போவதுபோல உலகமெல்லாமிருந்து ஆட்கள் போவார்கள். அவருடைய தேவாலயத்தைச் சேர்ந்த பத்துப் பன்னிரண்டு பேர் அந்த நடுவருடத்தில் பிரித்தானியா போகத் திட்டமிட்டிருந்தார்கள். அவர்தான் தலைவி. விமானம், ஹோட்டல் எல்லாம் யாரும் செய்து தரலாம். ஆனால் அயோனாவில் அவருக்கு ஒரு ஆசை. மடாலயத்தைப் பார்ப்பது மட்டுமில்லை, தீவின் வடக்கு முனையில் தாத்தாவின் வீடு இருந்த இடத்தில் கொஞ்ச நேரம் இருக்கவேண்டும். யாரும் மணிக்கூட்டைப் பார்க்கக்கூடாது. காலின் நிலைமைக்கு இதுதான் முதலும் கடைசியும் என்று சொல்லிவிட்டு, "நீ எவ்விடம்?" என்று திருப்பிக் கேட்டாராம். "நானும் ஒரு தீவுதான்" என்றாளாம் இவள். அன்றைக்கே பன்னிரண்டு பேரின் பயணமும் இவளுடைய மேசைக்கு வந்தது.

பழம் நழுவிப் பாலில் விழுந்தது என்று நான் துள்ளினேன். அவள் துள்ளவில்லை. அயோனாவைச் சுற்றிக் காட்டுகிற சுற்றுலாக்களின் விளம்பரப் புத்தகங்களைக் கொண்டுவந்து சாப்பாட்டு மேசை முழுக்கப் பரப்பினாள். ஒன்று, பெரிய சொகுசு பஸ். பக்கத்துத் தீவுகளையும் சேர்த்து ஒரே நாளில் மூன்று தீவு. இன்னொன்று, சரித்திரம் படித்த ஒருவர் நடத்திச் செல்கிற நடை; பன்றி உழுத வயல்போல மேடும் பள்ளமுமான பாதை என்று அவள் படத்தைப் பார்த்தே கண்டுபிடித்துவிட்டாள். முதலாளி வழக்கமாக ஆட்களை அனுப்புவது சொகுசு பஸ்ஸில். எனக்கும் அதுதான் பிடித்தது. "ஒரு கல்லிலை மூண்டு மாங்காய். இதைவிட என்ன வேணும் உமக்கு?" என்றேன்.

"நெடுந்தீவையும் நயினாதீவையும் எழுவைதீவையும் ஒரே நாளிலை பார்த்தவன் என்னத்தைப் பார்த்திருப்பான்? லோஞ்சைத்தான் பார்த்திருப்பான்" என்றாள். பிறகு பென்சிலை எடுத்துப் படகு நேரங்களைக் கூட்டிக் கழித்தாள். பஸ்களில் வருகிற சனம் எல்லாம் மத்தியானத்தில்தான் படகேறித் தீவுக்கு வந்து சேரும். பொல்லு ஊன்றுகிற ஒருவர் துறையிலிருந்து மடாலயம்வரை நடந்துவிட்டுத் திரும்பினால் படகு கூவிக் கூப்பிடும். வடக்கு முனை கனவில்தான். "கோயில் வாசலிலை செருப்பைக் கழட்ட முன்னம் திரும்பு எண்டு சொல்லுற மாதிரி" என்று சொல்லிவிட்டுப் புத்தகங்களை மூடி வைத்தாள்.

மறுநாள் காலைதான் அந்தத் தொலைபேசிப் படலம் தொடங்கியது. சுற்றுலா நடத்துகிற ஒருவரிடமும் அவள் கேட்கவில்லை. மாப்பிள்ளை வீட்டில் மாப்பிள்ளையை விசாரிக்கிற வேலை அது. வெளிநாட்டு இலக்கம் தருகிற தொலைபேசிப் பெண்ணிடம், அயோனாவில் படகு வந்து அடைகிற துறைக்குக் கிட்ட இருக்கிற கடை ஒன்றின் இலக்கம் வேண்டும் என்றாள். எந்தக் கடை என்று கேட்டதற்கு, எந்தக் கடையென்றாலும் பரவாயில்லை, துறை தெரிகிற யன்னல் இருந்தால் போதும் என்றாள். கடைக்காரப் பெண் முதலில் வெருண்டுபோனார். உலகத்தின் மறுகோடியிலிருந்து ஒருத்தி எடுத்து, கடைசிப் படகு எத்தனை மணிக்கு, மழைக்கு ஒதுங்க எங்கே இடம், எந்த வழிகாட்டி தன் ஆட்களை எண்ணி ஏற்றுகிறான், எந்த வழிகாட்டி ஆட்களை விட்டுவிட்டுத் தான் முதலில் ஓடி ஏறுகிறான் என்று கேட்டால் யார்தான் வெருளமாட்டார்கள்? ஆனால் இரண்டாம் நாள், மூன்றாம் நாள் என்று போக, இருவரும் ஏதோ ஒரே ஒழுங்கையில் பிறந்து வளர்ந்தவர்கள்போலக் கதைக்கத் தொடங்கினார்கள். இவள் இடையிடையே "ஓம், ஓம்" என்பாள். அந்தப் பெண்ணின் உச்சரிப்பு விளங்காமல் "இன்னொருக்கால் சொல்லுங்கள்" என்பாள். புட்டு ஆறிப்போகும்.

ஆனாலும் யார் நல்ல வழிகாட்டி என்பதற்கு மட்டும் அவர் மறுமொழி சொல்லவில்லை. சின்னத் தீவு, எல்லோரும் வேண்டியவர்கள். ஒருவரைச் சொன்னால் மற்றவர் கோபிப்பார். எல்லோரும் நல்லவர்கள்தான் என்று மழுப்பினார். அப்போதுதான் என் மனிசி எங்கள் ஊர் விசாரணையின் கடைசி அம்பை எடுத்தாள். சம்பந்தம் விசாரிக்கப் போகிறவர்கள் எல்லாம் கேட்டு முடித்துவிட்டு எழும்பும்போது, "உங்கடை பிள்ளையெண்டால் இந்தப் பெடியனுக்குக் குடுப்பீங்களோ?" என்று கேட்பார்கள். அதற்கு ஒருவராலும் பொய் சொல்ல முடியாது; முகம் காட்டிக்கொடுத்துவிடும். முகம் தெரியாத தொலைபேசியில் அவள் அதை மாற்றிக் கேட்டாள்: "பொல்லுப் பிடித்து நடக்கிறது உங்களுடைய சொந்தத் தாய் என்று வையுங்கள். யாரோடு அனுப்புவீர்கள்?"

  நான் ஒற்றைச் சப்பாத்தோடு நின்றேன். பிறகு அவர் ஒரு ஆளைச் சொன்னார். படகோட்டியாக இருந்து ஓய்வு பெற்றவர். சின்ன வான் ஒன்று வைத்திருக்கிறார். விளம்பரம் கிடையாது. பகல் கூட்டம் போய்த் தீவு அடங்கின பிறகுதான் வெளிக்கிடுவார், ஆகையால் இரவு தங்கத்தான் வேண்டும். "என் தாயை அவரோடுதான் அனுப்புவேன்" என்றாராம். மனிசி தொலைபேசியை வைத்துவிட்டு என்னைப் பார்த்தாள். பொருத்தம் சரிவந்த பெண்வீட்டார் முகம்!

முதலாளிக்குச் சரிவரவில்லை. அதிலும் நியாயம் இருந்தது. அச்சடித்த தாள் ஒன்றும் இல்லாத, பெயர் கேள்விப்படாத ஒரு கிழவரின் வானை நம்பிப் பன்னிரண்டு வயோதிபரைக் கடல் கடந்து அனுப்புவதா? வழக்கமான பஸ்ஸில் ஏற்றிவிட்டால் என்ன நடந்தாலும் பஸ்காரர் பொறுப்பு. இதில் ஒன்று பிசகினால் அது உன் தலையில்தான், குளிர்காலம் முடியும்வரைகூட நான் பார்க்கமாட்டேன் என்று சொல்லிவிட்டார். அன்று வீட்டுக்கு வந்து அவள் இதைச் சொன்னாள். "பேசாமல் அவர் சொல்லுறதைச் செய்யுமன். ஊரோடை ஒத்தோடுறதுதானே?" என்றேன்.

அவள் அரிசி களைந்துகொண்டு நின்றாள். திரும்பாமலே சொன்னாள்: "என்ரை கதிரையிலை வந்து இருந்த முதல் ஆள் அந்த அம்மா. அவவுக்கு நான் பொய்ச் சாமான் விக்கமாட்டன். வேலை போனால் போகட்டும்." அரிசி களைந்த தண்ணீரை ஊற்றிவிட்டு மறுபடியும் களையத் தொடங்கினாள். அவளுக்கும் பயம்தான் என்று அப்போது தெரிந்தது. ஏனென்றால் அந்த அரிசியை அவள் ஏற்கெனவே நன்றாகக் களைந்திருந்தாள்.

அவர்கள் போனார்கள். அயோனாவுக்குப் போய்ச் சேரவேண்டிய நாளிலிருந்து இரண்டாம் நாள் காலை எங்கள் தொலைபேசி அடித்தது. ஸ்கொட்லாந்திலிருந்து எங்களுக்கு வந்த முதல் அழைப்பு. கடைக்காரப் பெண்தான். கடும் காற்று, படகு எல்லாம் நிற்பாட்டியாகிவிட்டது என்றார். அவள் விசாரித்த காற்று, மாதம் தவறி வந்து நின்றது. முதல்நாள் பின்னேரம் தீவுக்குள் போன எங்கள் பன்னிரண்டு பேரும் உள்ளே மாட்டிக்கொண்டார்கள். அன்றைக்கு அவர்கள் பிடிக்கவேண்டிய ரயில், அதற்கு அடுத்த ஊர் ஹோட்டல் எல்லாம் தவறிப்போயின.  எங்கள் வீட்டில் சுடுதண்ணீர்த் தாங்கி இருக்கிற அலுமாரிக்குள்தான் சாமிப் படம். மனிசி அதைத் திறந்து ஒரு கும்பிடு போட்டுவிட்டு வேலைக்கு ஓடினாள்.

முதலாளி கத்தவில்லை. கத்தியிருந்தால் நல்லது. "நான் சொன்னேன் அல்லவா" என்று மட்டும் சொல்லிவிட்டுத் தன் அறைக்குள் போய்விட்டார். அவள் ரயிலையும் ஹோட்டலையும் ஒவ்வொன்றாக மாற்றினாள். மாற்றி முடித்த பிறகு செய்வதற்கு ஒன்றும் இருக்கவில்லை. அவர்கள் திரும்பி வந்து என்ன சொல்லப் போகிறார்கள் என்று காத்திருப்பது மட்டும்தான். அந்த வாரங்களில் எங்கள் வீட்டுக் கறிகளுக்கு உப்பு ஒன்றில் கூடும், இல்லையேல் இருக்காது. நானும் வாய் திறக்கவில்லை. திறந்திருந்தால் தட்டு பறந்திருக்கும்.

அவர்கள் வந்தது ஒரு வெள்ளிக்கிழமை பின்னேரம். நான் சோபாவில் இருந்தேன். கதவைத் திறந்துகொண்டு அந்த அம்மா பொல்லோடு முதலில் வந்தார், பின்னால் இன்னும் மூன்று நான்கு பேர். முதலாளி தன் அறையிலிருந்து விரைந்து வந்து, நடந்த தடங்கலுக்கு மன்னிக்கவேண்டும் என்று தொடங்கினார். அந்த அம்மா அவருக்கு அழகாகத் தலையாட்டிவிட்டு, அவரைத் தாண்டிப் போய் என் மனிசிக்கு முன்னால் இருந்தார். மற்ற மேசை அப்போது வெறுமையாக இருந்தது. அங்கிருந்த பெண் "இங்கே வாருங்கள்" என்று பின்னால் நின்றவர்களைக் கூப்பிட்டாள். "பரவாயில்லை, நாங்கள் காத்திருக்கிறோம்" என்றார்கள் அவர்கள். அந்தச் சொல் என் காதில் விழுந்தபோது எனக்கு எழும்பி நின்று கைதட்டவேண்டும் போலிருந்தது.

அந்த அம்மா சொன்னது இதுதான். காற்று எழும்பிய அன்று பெரிய பஸ்களில் வந்த சனம் முழுக்க அக்கரையில் நின்று பார்த்துவிட்டுத் திரும்பிப் போயிற்று. தீவில் ஊர்ச்சனமும் இவர்களும்தான். படகோட்டிக் கிழவர் வானைப் பாதை முடிகிற இடம்வரை ஓட்டிக்கொண்டு போனார். அதற்கு மேல் புல்வெளி. அவரும் தேவாலயத்து ஆண் ஒருவரும் கைகளைக் கோத்துக் கதிரைபோலப் பிடித்து இவரைத் தூக்கிக்கொண்டு போய், இடிந்த சுவர் ஒன்றின் மறைவில் காற்றுப் படாமல் இருத்தினார்கள். அதுதான் வீடு. அடுப்புக் கல் மட்டும் அப்படியே கிடந்தது. அதன்மேல் கையை வைத்துக்கொண்டு இருந்தாராம். கிழவர் தேத்தண்ணிப் போத்தலோடு எட்ட நின்றார். இவர் தானாக எழும்பும்வரை வாய் திறக்கவில்லை. "போகப் படகு இல்லை என்றால் யார் என்னை அவசரப்படுத்த முடியும்?" என்று அந்த அம்மா சிரித்தார். பிறகு மேசைக்கு மேலாகக் குனிந்து, "அந்தக் கடைக்காரி எனக்கு எல்லாம் சொன்னாள். என்னை அவளுடைய தாய் என்று வைக்கச் சொல்லிக் கேட்டாயாமே" என்றார்.

"அப்படிக் கேட்டால்தான் உண்மை வரும்" என்றாள் மனிசி.

எல்லோரும் சிரித்தார்கள். அந்த அம்மா மட்டும் ஒரு கேள்வி கேட்டார். "உன்னுடைய தீவுக்கு நான் போவதென்றால் யாரிடம் விசாரிக்கவேண்டும்?"

என் மனிசியின் முகம் மாறியதைக் கண்டேன். அப்போது அங்கே சண்டை. நினைத்தபடி போய்வர ஏலாது. படகு உண்டா இல்லையா என்பதை எழுதிக் கேட்டாலும் மறுமொழி வராத காலம். விசாரிக்க ஒரு கடை இல்லை, துறை தெரிகிற யன்னல் இல்லை. அவள் கண்ணீர் விட்டுவிடுவாள் என்று நினைத்து நான் சோபாவின் நுனிக்கு வந்துவிட்டேன். அவள் நிமிர்ந்து இருந்துகொண்டு, வகுப்பில் பாடம் சொல்கிற குரலில் சொன்னாள்: "என்னை விசாரியுங்கள். பாதை திறக்கட்டும். நானே கூட்டிக்கொண்டு போவேன்."

அந்த அம்மா கையை நீட்டினார். வியாபாரம் முடித்த இரண்டு பேர்போல இருவரும் கை குலுக்கிக்கொண்டார்கள். கதவு நிலையில் சாய்ந்து நின்ற முதலாளி தொண்டையைச் செருமினார். இந்த நாட்டு ஆட்கள் பெரிய விஷயத்தைப் பெரிதாகச் சொல்லமாட்டார்கள். "உனக்குப் பெயர் அட்டை அடிக்கக் கொடுக்கவேண்டும். பெயரின் எழுத்துக்களைச் சரியாக எழுதித் தா" என்றார். அவ்வளவுதான். வேலை நிரந்தரமாகிவிட்டது. அன்று ரயில் கடவைக்கு முன்னமே அவள் கதைக்கத் தொடங்கி, வீடுவரை ஓயவில்லை. நான் பாதையைப் பார்த்து ஓட்டியதைவிட அவளைப் பார்த்து ஓட்டியதுதான் அதிகம். என்ரை மனிசி, என்ரை மனிசி என்று மனம் அடித்துக்கொண்டது.

அதன் பிறகு அந்த நிலையத்தில் சோபாவில் இருந்து காத்தவர்கள் பெரும்பாலும் அவளுக்காகக் காத்தவர்கள். மேற்கு ஒக்லாந்தில் ஸ்கொட்லாந்துக்கு வேர் உள்ள கிழவர் கிழவிகள் எத்தனை பேர் என்று எண்ணினால் வாய் பிளப்பீர்கள். இன்றைக்கு எல்லாம் தொலைபேசித் திரையில் நட்சத்திரம் பார்த்துத்தான் சுற்றுலாவைத் தெரிவு செய்கிறார்கள். எங்கள் மகளும் அப்படித்தான். "அம்மா, it has five stars" என்று அவள் காட்டினால், "நட்சத்திரம் போட்டவன் தன்ரை தாயை அதிலை அனுப்புவானோ எண்டு கேள்" என்று இவள் சொல்லுவாள். மகள் கண்ணை உருட்டுவாள். ஆனால் பிறகு இரகசியமாகப் போய் யாரையாவது கேட்கத்தான் செய்கிறாள்.

அந்த அம்மா பாதை திறக்கும்வரை இருக்கவில்லை. கிளென் ஈடன் தேவாலயத்தில் நடந்த இறுதிக் கிரியைக்குப் போயிருந்தோம். சண்டை முடிந்து சில வருடங்களின் பின் அவருடைய மகள் எங்கள் வீட்டுக் கதவைத் தட்டினார். "உங்களிடம் அம்மா ஒரு பயணம் பதிந்து வைத்திருந்தாராமே" என்றார். மனிசி அப்போது ஓய்வு பெற்றுவிட்டாள். உள்ளே போய்ச் சேலைத் தலைப்பால் முகத்தைத் துடைத்துவிட்டு வந்து, "எத்தனை பேர்?" என்று மட்டும் கேட்டாள்.

ஏழு பேரோடு போனோம். குறிகட்டுவானில் லோஞ்சு ஏறும்போது எனக்கு வழக்கம்போல வயிற்றைப் பிரட்டியது. நான் கம்பியைக் கட்டிப் பிடித்துக்கொண்டு கண்ணை மூடினேன். அவள் நின்றுகொண்டு வந்தாள். நெடுந்தீவில் இரவு தங்க ஏற்கெனவே ஒழுங்கு செய்திருந்தாள். பகல் கூட்டம் கடைசி லோஞ்சில் திரும்பின பிறகுதான் எங்களை வெளியே இறக்கினாள். கடலில் விளைந்த முருகைக்கல்லை அடுக்கிய வேலிகள், ஒல்லாந்தர் கோட்டை, அடி பருத்த பெருக்கமரம், தூரத்தில் மேயும் குதிரைகள் என்று ஒவ்வொன்றுக்கும் முன்னால் நிறுத்தி, ஏழு வெள்ளைக்காரருக்கும் ஆங்கிலத்தில் சொல்லி, வழியில் சேர்ந்துகொண்ட ஊர்ச் சனத்துக்குத் தமிழில் சொல்லி, ஒருவரையும் அவசரப்படுத்தாமல் நடத்திக்கொண்டு போனாள். மணிக்கூட்டை அவள் ஒருதரமும் பார்க்கவில்லை.

தேத்தண்ணிக் கடையில் நான் காசு கொடுக்க நின்றபோது கடைக்காரப் பெடியன் என்னையும் சுற்றுலாப் பயணி என்று நினைத்திருக்கவேண்டும். "ஐயா, உந்தக் கைட் அம்மாவை எங்கை பிடிச்சனீங்கள்? அவ சொல்லுறதைக் கேக்க எங்கடை சனமே பின்னாலை போகுது" என்றான்.

"பிடிக்கேல்லைத் தம்பி, கலியாணம் கட்டினனான்" என்றேன்.

அவன் விழுந்து விழுந்து சிரித்தான். நான் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு, கூட்டத்தின் கடைசி ஆளாக அவளுக்குப் பின்னால் நடந்தேன்.